காதைப் பொத்திய மருமகன்

கொட்டாஞ்சேனையில் என் தமக்கையார் வீட்டில் ஓரிரவு பழைய யப்பானியப் படமொன்றைப் பார்த்துக்கொண்டிருந்தோம். பயங்கரமான கட்டம் வந்ததும் பன்னிரண்டு வயது மருமகன் கண்களை மூடவில்லை, காதுகளைப் பொத்திக்கொண்டான். "ஏன் தம்பி?" என்றேன். "சத்தம் கேட்காட்டிப் பயமில்லை, மாமா" என்றான். பேய்ப்படத்திற்கு இசையமைப்போர் பிழைப்பு நடத்துவதே இந்த உண்மையை நம்பித்தானே!

நாங்கள் பார்த்தது மசாக்கி கோபயாஷி இயக்கிய 'குவைதான்'. 1965இல் கான் திரைப்பட விழாவில் நடுவர் குழுவின் சிறப்புப் பரிசு பெற்றது. இசை தோரு தக்கேமிட்சு (1930–1996). இன்றைய பேய்ப்படங்களிற் கதவு திறந்தாலே நூறு வயலின்கள் அலறுகின்றன. தக்கேமிட்சு அவ்வழி செல்லவில்லை. முதற் கதையில், மனைவியைக் கைவிட்டுச் சென்ற வீரன் பல்லாண்டுகளின் பின் பாழ்வீட்டுக்குத் திரும்புகிறான். அவளுடன் இரவைக் கழித்து, விழித்துப் பார்த்தால் அருகே கிடப்பவை எலும்பும் கருங்கூந்தலும். அவன் பதறித் தடுமாற, உளுத்த பலகை காலின் கீழ் முறிகிறது. முறியும் ஓசையோ அக்கணத்திற் கேட்பதில்லை! சற்றுப் பொறுத்து, நாம் எதிர்பாராத வேளையில், மரம் பிளக்கும் ஒலி வருகிறது. அங்கே அதுதான் இசை. கண் சொல்வதைக் காது மறுக்கத் தொடங்கினால் மனிதன் எதை நம்புவான்?

தமிழிலும் ஒலியைக் கட்டியாளத் துணிந்த ஒருவர் இருந்தார். அவர் வீணை வித்துவான் எஸ். பாலசந்தர் (1927–1990). குருவின்றித் தாமே வீணை பயின்ற அவர், 1954இல் ஏ.வி.எம். நிறுவனத்துக்காக 'அந்த நாள்' என்னும் மர்மப்படத்தை இயக்கினார். 1943 ஒக்டோபரில் யப்பானியர் சென்னையிற் குண்டு வீசிய நாளில் ஒரு கொலை. கொன்றவர் யாரென ஆளுக்கொரு கதை சொல்லுகிறார்கள். குரோசாவாவின் 'ராஷோமோன்' (1950) நினைவுக்கு வராமற் போகாது. பாட்டில்லாத தமிழ்ப் படத்தை எவரும் எண்ணிப் பாராத அக்காலத்தில், இதில் ஒரு பாட்டுமில்லை, நடனமுமில்லை. அதைச் செய்தவர் ஒரு சங்கீத வித்துவான்!

வெள்ளவத்தையில் என் மாணவர்களுக்கு இப்படத்தைக் காட்டினேன். அரைமணி சென்றபின் ஒருவன், "சேர், எப்ப பாட்டு வரும்?" என்றான். 1954இற் படமாளிகைக்கு வந்தோரும் அதையேதான் கேட்டிருப்பர். பின்னர் தாமே இயக்கி இசையமைத்த 'பொம்மை'யில் (1964) பாலசந்தரும் பாட்டுக்கு இடங்கொடுத்தார். யாரைக் குறை சொல்வது?

'குவைதா'னுக்கு வருவோம். அதன் மூன்றாங் கதை, பீவா என்னும் நரம்பிசைக் கருவியை மீட்டிப் பாடும் ஹோயிச்சி என்ற குருடனைப் பற்றியது. 1185இற் கடற்போரில் மடிந்தோரின் ஆவிகள் அவன் பாட்டைக் கேட்க அழைக்கின்றன. அவனைக் காக்க உடலெங்கும் மந்திரம் எழுதிய துறவிகள் காதுகளை மறந்துவிட, ஆவி அவற்றையே பிய்த்துச் செல்கிறது.

மருமகன் பொத்தியிருந்த கைகளை மெல்ல எடுத்தான். இரு காதுகளையும் தடவிப் பார்த்துக்கொண்டான்.

"மாமா, அது எங்கட வீணையோ?" என்றான்.

"வீணையன்று. ஆனால் அதற்கும் மெட்டுக்கள் உண்டு, கேள்" என்றேன். கேட்டான்.