சந்தா எண் எங்கே இருக்கிறது?

மாத இதழ்களைச் சந்தா கட்டிப் படித்தவர்களுக்கு ஒரு வரி மனப்பாடம். உள்பக்கத்தில், ஆசிரியர் பெயரும் அச்சக முகவரியும் இருக்கும் கட்டத்துக்குக் கீழே, பொடி எழுத்தில் இருக்கும்: பணம் அனுப்பும்போதும் கடிதம் எழுதும்போதும் சந்தா எண்ணைத் தவறாமல் குறிப்பிடவும். அந்த எண் எங்கே இருக்கிறது என்று அது சொல்லாது. சொல்ல வேண்டிய தேவையும் அன்று இருக்கவில்லை. இதழைச் சுற்றி வந்த ராப்பரில்தான் இருந்தது.

பழுப்புத் தாளில் நாலைந்து விரல் அகலத்துக்கு ஒரு பட்டை. இதழை நீளவாக்கில் மடித்து, அதன் இடுப்பில் சுற்றி, ஓரத்தில் பசை தடவியிருப்பார்கள். பட்டையின் நடுவில் பெயரும் முகவரியும். பெயருக்கு மேலேயோ இடது மூலையிலோ ஓர் எண். சிறிய இதழ் என்றால் மூன்று, நான்கு இலக்கம். அதை நீல மையில் கையாலேயே எழுதியிருப்பார்கள். ஆயுள் சந்தாதாரர் என்றால் எண்ணுக்கு முன்னால் ‘ஆ’ என்று ஓர் எழுத்து சேரும். சந்தா முடியும் மாதத்தில் சிவப்பு மையில் ஒரு முத்திரை விழும்: இந்த இதழுடன் தங்கள் சந்தா முடிகிறது. விவரம் தெரிந்த வீடுகளில் ராப்பரைக் கிழிக்க மாட்டார்கள். பட்டையிலிருந்து இதழை அப்படியே உருவி எடுத்துவிட்டு, ராப்பரைக் காலண்டர் ஆணியில் குத்தி வைப்பார்கள். கணக்கு எண் வீட்டுச் சுவரில் இருக்கும்.

அந்தப் பக்கத்தில், இதழின் அலுவலகத்தில், அது ஒரு பேரேட்டின் பக்க எண்ணாகவோ வரிசை எண்ணாகவோ இருந்தது. பெயரை வைத்தே தேடலாமே, எண் எதற்கு என்று தோன்றலாம். தமிழ்ப் பெயர்களோடு ஒரு நாள் மல்லுக்கட்டினால் காரணம் புரியும். நமக்குக் குடும்பப் பெயர் கிடையாது, முன்னெழுத்து உண்டு. ஒரே ஊரில் மூன்று சுப்பிரமணியன்கள் சந்தா கட்டுவார்கள். ஒருவர் கடிதத்தில் மு. சுப்பிரமணியன், மணியார்டரில் எம். சுப்பிரமணியன், ராப்பரில் எம்.எஸ். மணி. ராஜலட்சுமி திருமணமானதும் அப்பாவின் முன்னெழுத்தை விட்டுக் கணவரின் முன்னெழுத்துக்கு மாறியிருப்பார். இத்தனைக்கும் நடுவில் ஆளைச் சரியாகப் பிடித்துக் கொடுத்தது அந்த நாலு இலக்கம் மட்டுமே.

அந்தப் பேரேட்டைச் சட்டமும் கேட்டது. 1898-ஆம் ஆண்டின் இந்திய அஞ்சலகச் சட்டம், பத்திரிகை என்று பதிவு செய்துகொண்டு சலுகைக் கட்டணத்தில் தபாலில் போக விரும்பும் இதழுக்கு இரண்டு நிபந்தனைகளை வைத்திருந்தது. ஓர் இதழுக்கும் அடுத்த இதழுக்கும் இடையில் 31 நாளுக்கு மேல் போகக் கூடாது. மெய்யான சந்தாதாரர் பட்டியல் ஒன்று இருக்க வேண்டும். காலாண்டிதழாக வந்த சிற்றிதழ்கள் முதல் நிபந்தனையிலேயே வெளியே நின்றன; கூடுதல் தபால் செலவு அவற்றின் கழுத்தை நெரித்தது. மாத இதழ்களுக்கு அந்தப் பட்டியல் உயிர்நாடி. எழுத்தாளர் சி.சு. செல்லப்பா 1959-இல் திருவல்லிக்கேணியிலிருந்து தொடங்கிய ‘எழுத்து’ 119 இதழ்கள் வந்தது. கடைக்காரர் கமிஷனும் பெரிய விளம்பரங்களும் எட்டாத உயரத்தில் இருந்த அதுபோன்ற முயற்சிகளை, முன்பணம் கட்டிக் காத்திருந்த சில நூறு பேர்தான் தாங்கினார்கள். தமிழ் நவீன இலக்கியத்தின் வரலாற்றை எழுதுகிறவர்கள் ஆசிரியர்களின் கடிதங்களைத் தேடிப் போகிறார்கள். இந்தச் சந்தாப் பேரேடுகளைத் தேடியவர்கள் அதிகம் இல்லை. எந்த ஊரில், எந்தப் பள்ளியில் வேலை பார்த்த எந்த ஆசிரியர் எத்தனை ஆண்டு புதுக்கவிதைக்குப் பணம் கட்டினார் என்பது அவற்றில்தான் இருந்தது. பெரும்பாலானவை பழைய பேப்பர் கடைக்குப் போய்விட்டன. எனக்கு இதில் ஆறாத வருத்தம் உண்டு.

முகவரியில் பின்கோடு ஏறியது 1972 ஆகஸ்ட் 15-க்குப் பிறகு. அதற்கு முன்பு சென்னைக்குள் வட்ட எண் இருந்தது: மயிலாப்பூர் சென்னை-4, திருவல்லிக்கேணி சென்னை-5, தியாகராய நகர் சென்னை-17. பின்கோடு வந்தபோது இந்த எண்கள் அப்படியே 600004, 600005, 600017 என்று புதிய ஆறு இலக்கத்தின் வாலில் உட்கார்ந்துகொண்டன. அலுவலகங்களுக்கு இது பெரிய உதவி. ஊர்வாரியாகக் கட்டுக் கட்டி அஞ்சலகத்தில் கொடுக்க வேண்டியவர்களால், பேரேட்டையே பின்கோடு வரிசையில் பிரித்துக்கொள்ள முடிந்தது.

புதுப்பிக்கும் வழக்கமான விதம் மணியார்டர். 20 ரூபாய்க்கு 1 ரூபாய் கமிஷன். படிவத்தின் அடியில் செய்தி எழுத ஒரு கூப்பன் இருக்கும். இதழ் அலுவலகத்துக்குப் பணத்தைக் காட்டிலும் முக்கியமானது அந்தக் கூப்பன்தான். சந்தா எண்ணை எழுதி, ஒரு கோடு போட்டு, மிச்ச இடத்தில் வாசகர் தன் மனத்தை எழுதுவார். போன மாதக் கதை நன்றாக இருந்தது. மார்ச் இதழ் கிடைக்கவில்லை. மகளுக்குத் திருமணம் முடிந்தது. மேலாளர் எண்ணைப் பேரேட்டில் ஏற்றிவிட்டு, கூப்பனை ஆசிரியரின் மேசைக்கு அனுப்புவார். கையெழுத்தான ஒப்புகைச் சீட்டு, பணம் கட்டியவருக்குத் தபாலில் திரும்பி வரும். எண், பணம், பேச்சு மூன்றும் ஒரே தாளில் பயணம் செய்தன.

குறை இல்லாமலா? முகவரி மாற்றம் எழுதிப் போட்டால் அது பேரேட்டில் ஏற இரண்டு மாதம் ஆகும். அந்த இரண்டு இதழும் பழைய வீட்டுக்கே போகும். கூப்பனில் எழுதிய ஒன்று ஏழாகத் தெரிந்து, ஒருவர் கட்டிய பணம் இன்னொருவர் கணக்கில் ஏறும். மழைநாளில் ராப்பர் நைந்து, இதழ் தனியாகவும் பட்டை தனியாகவும் பிரிந்துபோகும். தபால்காரருக்கு ஆளைத் தெரிந்திருந்ததால்தான் பல இதழ்கள் வீடு வந்து சேர்ந்தன. ஆனாலும் எண் தெரியவில்லை என்று யாரும் தவித்ததில்லை. அடுத்த மாதம் வரை பொறுத்தால் போதும். எண் தானாக வாசலுக்கு வந்துவிடும்.

இன்னொன்றையும் சொல்ல வேண்டும். அந்த எண் மனிதர்களைத் தாண்டியும் வாழ்ந்தது. அப்பா காலமான பிறகும் அவர் பெயரிலேயே இதழ் வரும். பிள்ளைகள் பெயரை மாற்றச் சொல்லி எழுத மாட்டார்கள். அதே எண்ணில் பணம் கட்டிக்கொண்டே இருப்பார்கள். பழைய இதழ்களின் சந்தாப் பட்டியலில் இப்படி எத்தனையோ பேர் தங்கள் ஆயுளைவிட நீண்ட நாள் வாசகர்களாக இருந்திருக்கிறார்கள்.

எண்ணை இயந்திரத்திடம் கொடுக்கும் வேலை வெளிநாட்டில் முன்பே தொடங்கியிருந்தது. 1890-களில் அமெரிக்காவின் ஐயோவா மாநிலத்தில் ஜோசப் ஸ்மித் டங்கன் என்பவர் உருவாக்கிய அட்ரஸோகிராஃப், ஒவ்வொரு முகவரியையும் நிலையாகச் செய்து வைத்துக்கொண்டு, வேண்டும்போதெல்லாம் உறையில் அச்சடித்தது. பிறகு அங்குள்ளவர்கள் உலோகத் தகட்டுக்கும், துளை அட்டைக்கும், கணினிக்கும் போனார்கள். நம் ஊரில் இடைக்காலம் வேறு மாதிரி இருந்தது. சில இதழ்கள் முகவரிகளைத் தட்டச்சு செய்து படியெடுத்து வைத்துக்கொண்டன; மாதாமாதம் வெட்டி ஒட்டினார்கள். கணினி வந்ததும் ராப்பர் போனது, பிளாஸ்டிக் உறை வந்தது, அதன்மேல் வெள்ளை ஸ்டிக்கர். அதில் எல்லாமே அச்செழுத்து.

இங்கேதான் சிக்கல் தொடங்கியது. ஸ்டிக்கரில் இன்று பல எண்கள் இருக்கின்றன; உறையிலும் இதழிலும் இன்னும் பல. பத்திரிகைப் பதிவு எண், தபால் பதிவு எண், முன்கட்டணமின்றி அஞ்சல் செய்யும் உரிம எண், மலர், இதழ் எண், பின்கோடு, பட்டைக் குறியீடு. ‘சந்தா எண்’ என்ற சொல் இல்லாமல் வெறும் இலக்கங்களாக ஒரு வரி. எழுபது வயதைத் தாண்டிய வாசகர் ஒருவர் தொலைபேசியில் அழைத்து, தபால் பதிவு எண்ணை முழுதாக, சாய்கோடு உட்பட, பொறுமையாக வாசித்துக் காட்டுவதை ஓர் இதழ் அலுவலகத்தில் உட்கார்ந்து கேட்டிருக்கிறேன். அவர்மேல் தவறே இல்லை. உறையில் பெரிதாகத் தெரிந்தது அதுதான்.

பணம் போகும் வழியும் மாறிவிட்டது. 2008-இல் மின் மணியார்டர் வந்தபோதே கூப்பனின் வெற்றிடம் போய்விட்டது. தயாராக வைத்திருக்கும் வாசகங்களில் ஒன்றைத் தேர்ந்தெடுக்கலாம், அவ்வளவுதான். 2016-க்குப் பிறகு யுபிஐ. இப்போது நடப்பது இது: மன்னார்குடியில் அம்மா படிக்கும் இதழுக்குப் பெங்களூரில் இருக்கும் மகன் தன் கைபேசியிலிருந்து பணம் கட்டுகிறார். அலுவலகத்தின் வங்கிக் கணக்கில் மகனின் பெயரும் தொகையும் 12 இலக்கப் பரிவர்த்தனை எண்ணும் விழுகின்றன. அம்மாவின் பெயர் எங்கும் இல்லை. இதழ் நிற்கிறது. அம்மா மகனைக் கேட்கிறார். மகன் அந்த 12 இலக்கத்தைத் திரையிலிருந்து படம்பிடித்து அனுப்புகிறார். அது பணத்தின் அடையாளம், ஆளின் அடையாளம் இல்லை. இத்தனைக்கும் பெரும்பாலான செயலிகளில் பணம் அனுப்பும்போது குறிப்பு எழுத ஒரு சிறு கட்டம் இருக்கிறது. பழைய கூப்பனின் இடம் அதுதான். அதில் சந்தா எண்ணை எழுதுங்கள் என்று இதழ்கள் தங்கள் சந்தா விளம்பரத்தில் ஒரு வரி போட்டால் பாதித் தொல்லை தீரும்.

மிச்சப் பாதி கைபேசி எண்ணால் வருவது. பல இதழ்களில் இன்று கைபேசி எண்தான் கணக்கு. இணையத்தில் நுழைய அந்த எண்ணைக் கொடுத்தால் ஓடிபி வரும். உள்ளே ‘என் கணக்கு’ என்ற இடத்தில் சந்தா எண், முடியும் தேதி எல்லாம் இருக்கும். இளையவர்களுக்கு இது மிக எளிது, சந்தேகமில்லை. முகவரியை மாற்ற இரண்டு மாதம் காத்திருக்க வேண்டியதில்லை. இரண்டு நிமிடம் போதும். ஆனால் ஓடிபி யாருக்கு வருகிறது? பணம் கட்டிய மகனுக்கு. அம்மா தன் சந்தாவைப் பற்றித் தானே கேட்க வேண்டுமானால், மகன் அலுவலகக் கூட்டம் முடிந்து ஆறு இலக்கத்தைப் படித்துச் சொல்ல வேண்டும். நாற்பது ஆண்டு தன் கையெழுத்தில் மணியார்டர் நிரப்பிய பெண், தன் வாசிப்புக்கே இன்னொருவரின் அனுமதியை எதிர்பார்க்கும் நிலை. இந்த மாற்றத்தில் எனக்குப் பொறுக்காதது இதுதான்.

கதவு எண் வீட்டோடு இருக்கும். கைபேசி எண் அப்படியில்லை. ரீசார்ஜ் செய்யாமல் விட்ட எண்ணை, துண்டித்து 90 நாள் கழிந்தபின் வேறொருவருக்குக் கொடுக்கலாம். சந்தா அந்த எண்ணில் கட்டுண்டிருந்தால், நினைவூட்டல் முன்பின் தெரியாத ஒருவருக்குப் போகும். இன்னொரு பக்கம், ‘கல்கி’ இதழ் 2020 ஊரடங்கின்போது அச்சை விட்டு மின்னிதழானது. அப்படி முழுக்கத் திரைக்குப் போகும் இதழ்களில் உறையே கிடையாது. எண் வந்து உட்கார ஒரு தாள் கூட இல்லை.

எனவே அச்சிதழ் வாங்குகிறவர்கள் முதலில் பார்க்க வேண்டிய இடம் இன்றும் உறைதான். பெயருக்கு நேர் மேலே இருக்கும் வரியைப் பாருங்கள். அதன் அருகே மாதமும் ஆண்டும் இருந்தால் அது சந்தா முடியும் நாள், பக்கத்தில் உள்ளது உங்கள் எண். முதல்முறை பணம் கட்டியபோது வந்த ரசீதிலோ மின்னஞ்சலிலோ குறுஞ்செய்தியிலோ அதே எண் இருக்கும். எதுவுமே அகப்படாவிட்டால், அலுவலகத்தை அழைத்து முதலில் பின்கோடைச் சொல்லுங்கள், பிறகு உறையில் உள்ளபடியே பெயரை முன்னெழுத்தோடு சொல்லுங்கள். கணினியில் பெயரை மட்டும் போட்டால் பழைய சுப்பிரமணியன் சிக்கல்தான். பின்கோடு போட்டதும் பட்டியல் பத்துப் பதினைந்து பேராகச் சுருங்கிவிடும்.

இதழ் நடத்துகிறவர்களிடம் கேட்பது இரண்டுதான். ஸ்டிக்கரில் இலக்கத்துக்கு முன்னால் ‘சந்தா எண்’ என்று தமிழில், பெயர் அளவுக்காவது பெரிய எழுத்தில் அச்சிடுங்கள். பணம் கட்டுகிறவரின் கைபேசி எண்ணைக் கேட்கும் கட்டத்துக்குக் கீழே, படிக்கிறவரின் எண்ணுக்கென்று இன்னொரு கட்டம் வையுங்கள். அவரிடம் கைபேசி இல்லையென்றால், அந்த இடத்தில் அவர் வீட்டு முகவரியே போதும் என்று உங்கள் மென்பொருள் ஒத்துக்கொள்ளட்டும்.