ஜாப் சார்னாக்: கதை எது, சான்று எது?

கொல்கத்தாவை நிறுவியவர் யார் என்று கேட்டால், "ஜாப் சார்னாக், 1690 ஆகஸ்ட் 24" என்று ஒரே மூச்சில் சொல்லிப் பழகியவர்கள் நாம். பள்ளிப் பாடமும் வினாடி வினாப் போட்டியும் அப்படித்தான் கற்றுத் தந்தன. ஆனால் சாபர்ண ராய் சௌத்ரி குடும்பத்தினர் தொடுத்த பொதுநல வழக்கில், வரலாற்று அறிஞர் குழுவின் கருத்தைக் கேட்ட கல்கத்தா உயர் நீதிமன்றம், 2003 மே மாதம் வேறு விதமாகத் தீர்ப்பளித்தது. சார்னாக் இந்நகரை நிறுவியவர் அல்லர். அந்த நாள் நகரின் பிறந்த நாளும் அன்று.

அப்படியானால் சார்னாக்கின் வாழ்க்கையை நம்பகமாக எழுதுவது எப்படி?

முதலில், ஆவணம் சொல்வதை மட்டும் எடுத்துக்கொள்ள வேண்டும். கிழக்கிந்தியக் கம்பெனியின் ஊழியரான சார்னாக் அன்று சுதானுட்டியில் வந்து இறங்கினார் என்பதற்குச் சான்று உண்டு. அதுவும் முதல் வருகை அன்று. 1686, 1687 ஆண்டுகளிலும் அங்கு வந்திருக்கிறார். அவருக்கு முன்பே அது நூலும் துணியும் விற்கும் சந்தை ஊர். சுதானுட்டி, கோவிந்தபூர், கலிகாதா ஆகிய மூன்று ஊர்களின் உரிமையைக் கம்பெனி பெற்றது 1698இல். அப்போது சார்னாக் உயிரோடு இல்லை. வந்து இறங்கியது வேறு, நகரை நிறுவியது வேறு.

இரண்டாவது, ஒரு செய்தியை யார், எப்போது, எந்த மனநிலையில் சொன்னார் என்று பார்க்க வேண்டும். சார்னாக் உடன்கட்டை ஏற இருந்த ஓர் இளம் விதவையைச் சிதையிலிருந்து மீட்டு மணந்தார் என்ற கதையைக் கேட்டிருப்பீர்கள். இதை எழுதியவர் அலெக்ஸாண்டர் ஹாமில்டன் என்ற கடலோடி. அவர் நூல் வெளிவந்தது 1727இல், சார்னாக் இறந்து 34 ஆண்டுகளுக்குப் பின். 1682இல் வங்காளத்தில் கம்பெனித் தலைவராக இருந்த வில்லியம் ஹெட்ஜஸின் நாட்குறிப்போ, அந்தப் பெண் கணவனின் பணத்தோடும் நகையோடும் ஓடி வந்தவள் என்கிறது. இது காலத்தால் நெருங்கிய சான்றுதான். ஆனால் ஹெட்ஜஸுக்கும் சார்னாக்குக்கும் ஆகாது. தவிர, அவரும் பிறர் சொல்லக் கேட்டுத்தான் எழுதினார். ஒன்று காவியம், மற்றது வசை. நடுவில் நிற்கும் அந்தப் பெண்ணின் சொல் ஒன்றுகூட நமக்கு எட்டவில்லை. ஆகவே இரண்டையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்து, இன்னார் இப்படிச் சொன்னார் என்று எழுதுவதே நேர்மை. பிடித்த கதையை உண்மையாக்கிவிடக் கூடாது.

மூன்றாவது, தேதி. சார்னாக்கின் கல்லறை அவர் 1692 ஜனவரி 10இல் இறந்ததாகச் சொல்கிறது. அக்கால ஆங்கிலேயருக்கு மார்ச் 25இல்தான் புத்தாண்டு. 1752இல்தான் ஜனவரிக்கு மாறியது. எனவே நம் கணக்கில் அது 1693.

இதில் நம் ஊருக்கும் பங்கு உண்டு. மொகலாயரோடு மூண்ட சண்டையால் வங்காளத்தை விட்டு வெளியேறிய ஆங்கிலேயர் 1689இல் சென்னைக்கு வந்தனர். அவ்வாண்டு ஆகஸ்டில் சார்னாக்கின் மூன்று பெண்களுக்கும் ஜார்ஜ் கோட்டை செயின்ட் மேரி தேவாலயத்தில் ஞானஸ்நானம் நடந்தது. பதிவேடு தருவது இந்தச் செய்தியைத்தான். தாயின் கதைக்கு அது சான்று ஆகாது.

கல்லறைக் கல்லும் ஓர் ஆவணமே. அதை ஆராய்ந்த புவியியலாளர் தாமஸ் ஹாலந்து, பல்லாவரத்துக் குன்றுகளின் பாறைதான் அது என்று கண்டார். அந்தப் பாறை வகைக்கே சார்னோக்கைட் என்று பெயரிட்டார். விடுமுறை நாளில் குழந்தைகளை டல்ஹௌசிப் பகுதியில் உள்ள செயின்ட் ஜான்ஸ் தேவாலயத்துக்கு அழைத்துச் சென்று காட்டுங்கள். அதிலுள்ள லத்தீன் வாசகம் அவரை வங்காளத்தில் ஆங்கிலேயரின் ஏஜெண்ட் என்று போற்றுகிறது. நகரை நிறுவியவர் என்று சொல்லவில்லை.

பிழைப்புத் தேடி இங்கு வந்த நம் பாட்டனார்களைப் பற்றி மலர்களில் எழுதும் அன்பர்களுக்கும் இந்த முறை பொருந்தும். பழைய கடிதம், பள்ளிச் சான்றிதழ், வேலை உத்தரவு ஆகியவற்றை முதலில் தேடுங்கள். பெரியவர்கள் சொல்வதை, சொன்னவர் பெயரும் நாளும் சேர்த்துக் குறித்து வையுங்கள். பார்த்ததைப் பார்த்ததாகவும், கேட்டதைக் கேட்டதாகவும் எழுதினால் நம் பேரப்பிள்ளைகள் அதை நம்பலாம்.