பொதுநல வழக்கும் அதன் எல்லையும்

வளைகுடாவில் வாழும் எம்மவருள் எட்டிசலாட் என்னும் பெயரை அறியாதார் இலர். அபுதாபியைத் தலைமையிடமாகக் கொண்ட இத்தொலைபேசி நிறுவனம், 2008 இல் ஏறத்தாழ 90 கோடி டொலருக்கு, சுவான் என்னும் இந்திய நிறுவனத்தின் 45 விழுக்காட்டுப் பங்கை வாங்கியது. சுவானிடம் இருந்த சொத்து, அவ்வாண்டு ஜனவரியில் இந்திய அரசு 2001 ஆம் ஆண்டின் விலைக்கு ஏலமின்றி வழங்கிய அலைக்கற்றை உரிமங்களே.

இதனை எதிர்த்த பொதுநல வழக்குகளில், 2012 பெப்ரவரி 2 அன்று இந்திய உச்சநீதிமன்றம் 122 உரிமங்களை இரத்துச் செய்தது. எட்டிசலாட் தன் முதலீட்டை இழந்து வெளியேறியது. பஹ்ரெய்னின் பட்டெல்கோவும் இந்தியாவை விட்டு விலகியது.

வழக்கின் ஆற்றல் இது. அதன் எல்லை பின்னரே புலப்பட்டது. எல்லா இயற்கை வளங்களுக்கும் ஏலமே ஒரே வழியன்று என அதே நீதிமன்றம் 2012 செப்ரெம்பரில் கருத்துரைத்தது. குற்றப் புலனாய்வை உச்சநீதிமன்றமே மேற்பார்வை செய்திருந்தும், குற்றம் நிரூபிக்கப்படவில்லை எனக் கூறி, முன்னாள் அமைச்சர் ஆ. இராசா உள்ளிட்ட அனைவரையும் தில்லித் தனி நீதிமன்றம் 2017 டிசெம்பர் 21 அன்று விடுவித்தது. மேன்முறையீடு 2024 இலேயே விசாரணைக்கு ஏற்கப்பட்டது.

அமீரகத்தில், தமக்குரிய நலனைக் காட்டாதவர் வழக்காட இயலாது. ஆதலின் இந்தியக் குடிமகனுக்குள்ள இவ்வுரிமையை நாம் குறைத்து மதிப்பதற்கில்லை. ஆயினும், முறைகேடான உரிமத்தை ஆவணங்களைக் கொண்டே நீக்கிவிடலாம். ஒருவரைக் குற்றவாளியெனத் தீர்ப்பதற்கோ, குறுக்கு விசாரணையில் நிலைத்துநிற்கும் சாட்சியம் வேண்டும். அதனைப் பொதுநல வழக்கு தந்துவிடாது.