பெயர்தான் 'பழைய' ரோடு! வயல்வெளி ஓ.எம்.ஆர். 6 வழிச்சாலை ஆனது எப்படி? மழை வந்தால் தண்ணீர் நிற்பது ஏன்?

சென்னை அடையாறு மத்திய கைலாஷ் சிக்னலில் இருந்து மாமல்லபுரம் அருகே உள்ள பூஞ்சேரி வரை செல்லும் சாலைதான் பழைய மகாபலிபுரம் சாலை. சுருக்கமாக ஓ.எம்.ஆர். நீளம் சுமார் 45 கி.மீட்டர். அரசு கணக்கில் இது மாநில நெடுஞ்சாலை எண் 49-ஏ. ஐ.டி. காரிடார், ராஜீவ்காந்தி சாலை என்று வேறு பெயர்களும் உண்டு. தினமும் லட்சக்கணக்கானோர் வேலைக்குப் போய் வரும் இந்த ரோடு உருவான விதமும், மழைக்காலத்தில் இங்கே மக்கள் படும் அவதிக்கான காரணமும் வருமாறு:

'பழைய' என்ற பெயர் ஏன்?

மாமல்லபுரத்துக்கு இப்போது 2 வழி இருக்கிறது. ஒன்று கடலோரமாகப் போகும் ஈ.சி.ஆர். எனப்படும் கிழக்கு கடற்கரை சாலை. இன்னொன்று ஓ.எம்.ஆர். 1990-களின் கடைசியில் மீனவ கிராமங்களை ஒட்டிய ரோடுகளை இணைத்து, அகலப்படுத்தி, ஈ.சி.ஆர். இன்றைய வடிவத்துக்கு வந்தது. புது ரோடு வந்ததால், அதற்கு முன்பே புழக்கத்தில் இருந்த உள்பக்க ரோட்டுக்கு 'பழைய' என்ற அடைமொழி ஒட்டிக்கொண்டது.

அந்தக் காலத்தில் இது 2 பக்கமும் வயலும் தோப்பும் ஏரியுமாக இருந்த சின்ன ரோடு. கேளம்பாக்கம், கோவளம் பக்கம் உப்பளங்கள். கிழக்கே கூடவே ஓடும் பக்கிங்காம் கால்வாயில்தான் ஒரு காலத்தில் உப்பு, விறகு, நெல் எல்லாம் படகில் சென்னைக்கு வந்தன. அந்தப் படகுப் போக்குவரத்து நின்று பல பத்தாண்டுகள் ஆகிவிட்டன.

எந்தெந்த ஊர் வழியாக போகிறது?

மத்திய கைலாஷில் புறப்பட்டால் டைடல் பார்க், எஸ்.ஆர்.பி. டூல்ஸ், கந்தன்சாவடி, பெருங்குடி, துரைப்பாக்கம், காரப்பாக்கம், சோழிங்கநல்லூர், செம்மஞ்சேரி வரை சென்னை மாநகராட்சி எல்லை. கிராமங்களாகவும் பேரூராட்சிகளாகவும் இருந்த இந்த ஊர்கள் 2011-ல்தான் மாநகராட்சியோடு சேர்ந்தன.

அதைத் தாண்டினால் செங்கல்பட்டு மாவட்டம். நாவலூர், ஏகாட்டூர், படூர், கேளம்பாக்கம், தையூர், காலவாக்கம் வழியாக முருகன் கோவில் உள்ள திருப்போரூர் வருகிறது. பிறகு மருந்து கம்பெனிகள் நிறைந்த ஆலத்தூர் தொழிற்பேட்டை. கடைசியில் பூஞ்சேரி.

வழியில் முக்கியமான கிளைச் சாலைகளும் உண்டு. துரைப்பாக்கத்தில் இருந்து பல்லாவரத்துக்கு 200 அடி ரோடு போகிறது. சோழிங்கநல்லூரில் மேற்கே திரும்பினால் மேடவாக்கம். கிழக்கே திரும்பினால் அக்கரை, ஈ.சி.ஆர். கேளம்பாக்கத்தில் இருந்து ஒரு பக்கம் கோவளம், இன்னொரு பக்கம் வண்டலூர். திருப்போரூரில் இருந்து செங்கல்பட்டுக்கும், ஈ.சி.ஆரில் உள்ள நெம்மேலிக்கும் போகலாம்.

டைடல் பார்க் தொடங்கி வைத்த மாற்றம்

இந்த ரோட்டின் தலையெழுத்தை மாற்றியது தரமணி டைடல் பார்க். அரசு நிறுவனங்களான டிட்கோவும் எல்காட்டும் சேர்ந்து உருவாக்கியதால் 2 பெயரையும் சேர்த்து 'டைடல்' ஆனது. 2000-ல் இது திறக்கப்பட்டது. அதன் பிறகு ஐ.டி. கம்பெனிகள் வரிசையாக தெற்கு நோக்கி வந்தன. சிறுசேரியில் சிப்காட் ஐ.டி. பூங்கா அமைந்தது. நிலத்தின் விலை தாறுமாறாக எகிறியது.

வண்டிகள் பெருகியதும் பழைய ரோடு தாங்கவில்லை. தமிழ்நாடு சாலை மேம்பாட்டு நிறுவனம் இதற்கென்றே ஐ.டி. எக்ஸ்பிரஸ்வே என்ற துணை நிறுவனத்தை ஆரம்பித்தது. முதல் கட்டமாக மத்திய கைலாஷ் முதல் சிறுசேரி வரை சுமார் 20 கி.மீ. தூரம் 6 வழிச்சாலையாக மாறியது. ஓரத்தில் சர்வீஸ் ரோடும் போடப்பட்டது. 2008-ல் இதற்கு ராஜீவ்காந்தி சாலை என்று பெயர் சூட்டப்பட்டது.

சிறுசேரிக்கு தெற்கே மாமல்லபுரம் வரையிலான மீதி தூரம் 2-வது கட்டம். கேளம்பாக்கம், திருப்போரூர் ஊருக்குள் ரோடு குறுகலாக இருப்பதால், ஊரைச் சுற்றிப் போகும் புறவழிச்சாலைகள் இந்தக் கட்டத்தில் சேர்க்கப்பட்டன.

டோல்கேட் வந்ததும் போனதும்

6 வழிச்சாலை வந்ததும் டோல்கேட்டும் வந்தது. பெருங்குடியில் மெயின் ரோட்டிலும், துரைப்பாக்கம், மேடவாக்கம், அக்கரை பக்கம் போகும் கிளைச் சாலைகளிலும், நாவலூரிலும் சுங்கச்சாவடிகள் இருந்தன. சென்னை மாநகராட்சிக்குள்ளேயே, பக்கத்து ஏரியாவுக்கு போய் வரவும் பணம் கட்ட வேண்டுமா என்று பொதுமக்கள் நீண்ட காலமாக எதிர்ப்பு தெரிவித்து வந்தனர்.

மெட்ரோ ரெயில் வேலைக்காக ரோட்டின் நடுப்பகுதி அடைக்கப்பட வேண்டிய நிலை வந்ததால், 2021 ஆகஸ்டு 30 முதல் 4 சுங்கச்சாவடிகளில் கட்டண வசூல் நிறுத்தப்பட்டது. நாவலூரில் மட்டும் வசூல் தொடர்ந்தது. அதுவும் 2023 அக்டோபர் 19 முதல் நிறுத்தப்பட்டது.

ரோடு யாருக்கு?

ஓ.எம்.ஆர். என்றாலே கண்ணாடி கட்டிடமும் ஐ.டி. ஊழியர்களும்தான் பலருக்கு ஞாபகம் வரும். ஆனால் இதே ரோட்டை ஒட்டித்தான் கண்ணகி நகரும் செம்மஞ்சேரி குடியிருப்பும் இருக்கின்றன.

கூவம், அடையாறு, பக்கிங்காம் கால்வாய் கரைகளில் குடிசை போட்டு வாழ்ந்த மக்கள் 2000-ம் ஆண்டு முதல் கண்ணகி நகருக்கு மாற்றப்பட்டார்கள். இங்கு மட்டும் 15 ஆயிரத்துக்கும் மேற்பட்ட வீடுகள் உள்ளன. 2004 டிசம்பர் 26 சுனாமியில் வீடிழந்த குடும்பங்கள் பல செம்மஞ்சேரிக்கு வந்தன.

ஐ.டி. கம்பெனிகளில் கூட்டிப் பெருக்குவது, செக்யூரிட்டி, கேன்டீன் சமையல், வண்டி ஓட்டுவது என்று பல வேலைகளைச் செய்வது இந்தப் பகுதி மக்களே. இவர்கள் பஸ்சையும் ஷேர் ஆட்டோவையும் நம்பித்தான் இருக்கிறார்கள். பஸ்சை விட்டு இறங்கி 6 வழிச்சாலையை குறுக்கே கடப்பது இவர்களுக்கு தினசரி கண்டம். சில இடங்களில் நடை மேம்பாலம் இருக்கிறது. இல்லாத இடத்தில் தடுப்புச் சுவர் இடைவெளியைத் தேடி நடக்க வேண்டும், அல்லது உயிரைக் கையில் பிடித்துக்கொண்டு ஓட வேண்டும்.

தண்ணீர் நிற்பது ஏன்?

மழைக்காலத்தில் ஓ.எம்.ஆர். வெள்ளக்காடாவதற்கு இந்த ரோடு அமைந்துள்ள இடமே முக்கிய காரணம்.

ரோட்டுக்கு மேற்கே பள்ளிக்கரணை சதுப்பு நிலம். கிழக்கே பக்கிங்காம் கால்வாய். நடுவில் வடக்கு தெற்காக ரோடு, ஒரு கரை மாதிரி. தென்சென்னை புறநகரில் உள்ள ஏராளமான ஏரிகள் நிரம்பினால் உபரி நீர் பள்ளிக்கரணைக்குத்தான் வரும். அங்கிருந்து கடலுக்குப் போக வேண்டுமானால் ஓ.எம்.ஆரை தாண்டியே ஆக வேண்டும். அதற்கு முக்கிய வழி துரைப்பாக்கத்துக்கும் காரப்பாக்கத்துக்கும் இடையே உள்ள ஒக்கியம் மடுவு. இதன் வழியாக தண்ணீர் பக்கிங்காம் கால்வாயில் சேர்ந்து, தெற்கே ஓடி, முட்டுக்காடு பக்கம் கடலில் கலக்கிறது.

முன்பு தண்ணீர் பரந்து நிற்க சதுப்பு நிலம் இருந்தது. ரோடு அகலமாகி, கட்டிடங்கள் பெருகி, சதுப்பு நிலத்தின் ஒரு பகுதி பெருங்குடி குப்பைக் கிடங்கானதும் அந்த இடம் சுருங்கியது. வரும் தண்ணீர் குறையவில்லை. வெளியேறும் வழியும் பெருகவில்லை. அதனால்தான் 2015 டிசம்பர் மழையிலும், 2023 டிசம்பர் மிச்சாங் புயலிலும் இந்தப் பகுதி தத்தளித்தது. கடல் மட்டம் ஏறியிருக்கும் நேரத்தில் முகத்துவாரம் தண்ணீரை வேகமாக வாங்காது என்பதால், மழை விட்ட பிறகும் வெள்ளம் வடிய நாளாகிறது.

மிச்சம் இருக்கும் பள்ளிக்கரணை சதுப்பு நிலத்துக்கு 2022-ல் சர்வதேச ராம்சார் அந்தஸ்து கிடைத்தது. மெட்ரோ பணியோடு சேர்த்து ஒக்கியம் மடுவை அகலப்படுத்தும் வேலையும் எடுத்துக்கொள்ளப்பட்டது.

அடுத்து மெட்ரோ

மாதவரத்தில் இருந்து சிறுசேரி சிப்காட் வரை 45 கி.மீ. தூரத்துக்கு திட்டமிடப்பட்ட மெட்ரோ 3-வது வழித்தடம், நேரு நகரில் இருந்து ஓ.எம்.ஆர். மேலேயே பாலமாகப் போகிறது. மாதவரத்தில் இருந்து கோயம்பேடு, மேடவாக்கம் வழியாக வரும் 5-வது வழித்தடம் சோழிங்கநல்லூரில் வந்து முடிகிறது. 2023-ல் இந்திரா நகர் சிக்னல் அருகே 'யு' வடிவ மேம்பாலமும் திறக்கப்பட்டது.

மெட்ரோ ஓட ஆரம்பித்தால் பஸ்சுக்காக மணிக்கணக்கில் நிற்கும் கண்ணகி நகர், செம்மஞ்சேரி மக்களுக்கும் பெரிய உதவியாக இருக்கும். ஆனால் ஸ்டேஷனில் இருந்து வீட்டுக்குப் போக சின்ன பஸ், ரோட்டைக் கடக்க பாதுகாப்பான வழி, மழைத்தண்ணீர் வடிய தூர்வாரிய கால்வாய் ஆகிய மூன்றும் சேர்ந்து கிடைத்தால்தான் அந்தப் பலன் முழுசாக வந்து சேரும். வடகிழக்கு பருவமழை அக்டோபரில் தொடங்கும் என்பதால், ஆண்டுதோறும் அதற்கு முன்பே ஒக்கியம் மடுவையும் பக்கிங்காம் கால்வாயையும் தூர்வாருவது அவசியமாகும்.