நம் வாழ்வை நாமே காட்டுவோம்

இன்று கைப்பேசியுள்ள எவரும் தம்மைத் தாமே படமெடுத்து உலகுக்குக் காட்டலாம். சமூக வலைத்தளங்கள் தோன்றுமுன் ஏழைப் பெண்கள் இதை எவ்வாறு செய்தனர்?

1972இல் இலா பட் அம்மையார் அகமதாபாத்தில் ‘சேவா’ என்னும் சுயதொழில் மகளிர் சங்கத்தைத் தொடங்கினார். 1984இல் அமெரிக்காவிலிருந்து மார்த்தா ஸ்டூவர்ட் என்னும் அம்மையார் வந்து, சங்கத்துப் பெண்களுக்கு வீடியோப் பயிற்சி அளித்தார். அவர்களுள் காய்கறி விற்பவரும், எழுதப் படிக்கத் தெரியாதவரும் இருந்தனர். இவ்வாறு பிறந்ததே ‘வீடியோ சேவா’.

எழுத்தறியாதவர் எப்படிக் கற்றனர்? சினிமாச் சுருளைக் கழுவும்வரை காத்திருக்க வேண்டும். வீடியோ நாடாவையோ உடனே ஓட்டிப் பார்க்கலாம். பிழை கண்டால் அதிலேயே மீண்டும் எடுக்கலாம். கண்ணே ஆசிரியராயிற்று! தம்மைப் போன்ற ஒருத்தியே காமிரா பிடித்தால் பேசுவோர்க்கும் கூச்சம் குறையும் அன்றோ?

நம் தொப்பூரை எண்ணிப் பாருங்கள். கணவாய்ச் சாலையில் லாரி கவிழ்ந்தால்தான் செய்திக் காமிராக்கள் வருகின்றன. ஆகவே வெளியூரார் நம் ஊரை விபத்தாலேயே அறிகின்றனர். மழையை நம்பிக் கேழ்வரகு விதைக்கும் நம் அன்னையரின் உழைப்பை யார் காட்டுவது? நாம்தான்! ‘என்னைப் பார்’ என்பதோடு நில்லாமல், ‘எங்கள் வாழ்வைப் பார்’ என்று காட்டுவோமாக!