புதுச்சேரிச் சுவடிகளும் நாகரி லிபியும்

சம்ஸ்கிருதத்துக்கு உரிய லிபி தேவநாகரி ஒன்றே என்னும் எண்ணம் இன்று படித்தவர்களிடையேயும் வேரூன்றிவிட்டது. புதுச்சேரிக் கடற்கரையை ஒட்டிய செயின்ட் லூயி வீதியில், பிரெஞ்சு ஆட்சி நீங்கிய மறு ஆண்டாகிய 1955-இல், ழான் ஃபிலியோசா என்ற பேரறிஞரின் தலைமையில் தொடங்கப்பெற்ற பிரெஞ்சு நிறுவனத்தின் சுவடி நூலகத்தைக் கண்டு வருபவர்க்கு அந்த எண்ணம் நிலைக்காது. சிவாகமங்களும் பூஜாபத்ததிகளும் தோத்திரங்களும் அடங்கிய அங்குள்ள ஓலைக் கட்டுகளில் பெரும்பாலானவற்றின் மொழி சம்ஸ்கிருதம், லிபியோ கிரந்தம். அவ்வூரிலேயே உள்ள தூரக்கிழக்குப் பிரெஞ்சுப் பள்ளியின் தொகுப்பையும் சேர்த்து ஏறத்தாழ 11,000 சுவடிகளைக் கொண்ட இச்செல்வத்தை, 2005-இல் யுனெஸ்கோ உலக நினைவகப் பதிவேட்டில் ஏற்றியது.

கிரந்தமும் நாகரியும் தமிழ் எழுத்தும் ஒரே தாயின் மக்கள். அந்தத் தாயாகிய பிராமியின் கையெழுத்தும் புதுச்சேரி மண்ணிலேயே கிடைத்திருக்கிறது. நகருக்குத் தெற்கே, அரியாங்குப்பம் ஆற்றங்கரையில் உள்ள அரிக்கமேட்டில் மார்ட்டிமர் வீலர் 1945-இல் நடத்திய அகழ்வில், ரோமாபுரி மதுச்சாடிகளின் துண்டுகளோடு, தமிழும் பிராகிருதமும் பிராமி எழுத்தில் கீறப்பட்ட பானையோடுகளும் வெளிவந்தன. அரசனுடைய ஆணையைப் பாறையில் செதுக்குவதற்கு மட்டுமன்றி, பானையின் மேல் ஆள் பேரைக் கீறுவதற்கும் எழுத்துப் பயன்பட்ட காலம் அது என்பதை நினைக்கையில் உள்ளம் பெருமிதம் கொள்கிறது.

அந்தப் பிராமி வடக்கிலும் தெற்கிலும் எப்படி வேறுவேறு உருவம் கொண்டது என்பதற்குக் ககரத்தை எடுத்துக்கொள்வோம். பிராமியில் அது வெறும் கூட்டல் குறி. வடக்கே குப்தர் காலத்து லிபியிலும், அதன் வழிவந்த சித்தமாத்ருகையிலும் படிப்படியாக உருமாறி, நாகரியை அடையும்போது, குறுக்குக்கோட்டின் இடப்பாதி சுழியாக மூடிக்கொள்ள, வலப்பாதி கீழ்நோக்கி வளைய, நெடுங்கோட்டின் உச்சியில் ஒரு கிடைக்கோடு ஏறிற்று. தமிழ்க் ககரத்திலும் இடப்புறச் சுழியும் வலப்புற வளைவும் இருக்கின்றன. இரண்டையும் அருகருகே எழுதிப் பார்க்கும் சிறுவனும் உறவைக் கண்டுகொள்வான். டகரத்தின் கதை வேறு. பிராமியில் வலப்புறம் திறந்த அரைவட்டமாயிருந்த அது, நாகரியில் இன்றும் அரைவட்டமாகவே தலைக்கோட்டிலிருந்து தொங்க, தமிழிலோ இரு நேர்கோடுகளாக மடங்கிவிட்டது.

நாகரிக்கே உரிய அடையாளம் என்று நாம் கருதும் தலைக்கோடும் ஒருநாளில் பிறந்ததன்று. மையில் தோய்த்த எழுதுகோலை ஊன்றித் தொடங்கும் இடத்தில் விழுந்த சிறு தடிப்பு, நூற்றாண்டுகள் செல்லச் செல்ல அகன்று, அடுத்த எழுத்தின் தடிப்போடு கைகோத்துக் கோடாயிற்று. தெற்கிலோ மை கொண்டு எழுதும் வழக்கம் அருகி, ஓலையை இடக்கையில் ஏந்தி, அக்கையின் பெருவிரல் முட்டுக்கொடுக்க, எழுத்தாணியால் கீறிச் செல்வதே மரபாயிற்று. விளக்குக்கரியைத் தடவித் துடைத்த பின்னரே கீறல் கண்ணுக்குப் புலனாகும். ஓலையின் நரம்போடு ஒட்டி நீளக் கோடிழுத்தால் ஓலை பிளந்துவிடுமாதலால் தென்னாட்டு எழுத்துகள் வளைந்தன என்று அறிஞர் கூறுவர். ஒரிய எழுத்தில் தலைக்கோடு நிற்கவேண்டிய இடத்தில் வளைவு நிற்பதைக் காணும்போது இது பொருத்தமாகவே தோன்றுகிறது. ஆனால் நம் டகரமும் பகரமும் யகரமும் நேர்கோடுகளை விடாது வைத்திருப்பதால், ஓலை ஒன்றையே முழுக் காரணமாகக் கொள்ள என் மனம் இசையவில்லை.

நாகரி தென்னாட்டுக்கு அந்நியமானதும் அன்று. மாமல்லபுரத்தை அடுத்த சாளுவன்குப்பத்தில் அதிரணசண்டக் குகையில், பல்லவர் காலத்துச் சம்ஸ்கிருதக் கல்வெட்டு ஒன்று ஒரு சுவரில் கிரந்தத்திலும் எதிர்ச்சுவரில் நாகரியிலும் பொறிக்கப்பட்டுள்ளது. ராஜராஜ சோழனுடைய நாணயங்களில் அவன் பெயர் நாகரி எழுத்தில் விளங்குகிறது. பல்லவரின் எழுத்தோ கடல்கடந்து சென்று கெமர், ஜாவானிய லிபிகளுக்கு மூலமாயிற்று.

அந்தந்த நாட்டார் தத்தம் லிபியிலே சம்ஸ்கிருதத்தை எழுதிவந்த அந்நிலையை மாற்றியது அச்சு யந்திரம். 1849 முதல் மாக்ஸ் முல்லர் வெளியிட்ட ரிக்வேதமும், பம்பாய் நிர்ணயசாகர அச்சகத்தின் அழகிய நூல்களும் நாகரியில் அமைந்து எங்கும் பரவவே, சென்னையில் கிரந்த அச்சில் வந்த நூல்கள் நாளடைவில் பின்தங்கின.

ஆகவேதான் புதுச்சேரிப் பண்டிதர்கள், என். ஆர். பட் அவர்களின் வழிகாட்டலில், கிரந்தச் சுவடிகளை நாகரியில் காகிதத்தில் பெயர்த்தெழுதினர். சிவாகமங்களுள் ஒன்றான ரௌரவாகமத்தின் முதற்பகுதி 1961-இல் அச்சேறியது. இப்பெயர்த்தெழுதல் வெறும் எழுத்துமாற்றம் அன்று. சொல்லுக்குச் சொல் இடைவெளியின்றி, மெய்கள் ஒன்றன்கீழ் ஒன்றாக அடுக்கிய அவ்வேடுகளில் பகரமும் வகரமும் பிரித்தறிய இயலாதபடி ஒத்திருக்கும். மந்திரத்தின் பொருளும் கிரியையின் முறையும் அறிந்தவரே எது எதுவெனத் துணியமுடியும். பெயர்த்தெழுதிய படியிலோ அவர் துணிந்தது மட்டுமே நிற்கும். அவரை ஐயுறச் செய்த கீறல் ஓலையில்தான் இருக்கும். 2014-இல் யூனிகோடு கிரந்தத்துக்கு இடமளித்துவிட்டது. கணிப்பொறியில் அதை எழுதலாம். ஓலையில் அதைப் படிக்க வல்ல இளைஞர்களை நம் பாடசாலைகளும் பல்கலைக்கழகங்களும் இப்போதே பயிற்றாவிடில், நாகரிப் படியில் ஐயம் நேரும்போது மூலத்தோடு ஒப்புநோக்கிச் சொல்ல ஆள் இராது.