உங்களுக்குத் தெரியுமா? நட்பு, ஒரே வீடு, பிறகு காதல்

2011இல் ஒரே கருவில் இரண்டு ஹொலிவூட் படங்கள் வந்தன. ஜனவரியில் 'நோ ஸ்ட்ரிங்ஸ் அட்டாச்ட்', ஜூலையில் 'பிரெண்ட்ஸ் வித் பெனிஃபிட்ஸ்'. நெருங்கிப் பழகலாம், காதல் மட்டும் கூடாது என்று நண்பர்கள் இருவர் பேசிவைத்துக்கொள்கிறார்கள், பேச்சு நிலைக்கவில்லை. முதற்படத்தின் நாயகன் ஆஷ்டன் குட்சரும் மற்றப் படத்தின் நாயகி மிலா குனிஸும் ஒரே தொலைக்காட்சித் தொடரில் நடித்த பழைய நண்பர்கள். அவர்களும் அப்படித்தான் தொடங்கினார்கள். 2015இல் கலியாணம் கட்டினார்கள்.

அதே ஆண்டு ஏப்ரலில் தமிழுக்கு வந்தது மணிரத்னத்தின் 'ஓ காதல் கண்மணி'. கலியாணத்தில் நம்பிக்கையில்லாத ஆதியும் தாராவும் (துல்கர் சல்மான், நித்யா மேனன்) மும்பையில் சேர்ந்து வாழ்கிறார்கள். அவனுக்கு அமெரிக்கா, அவளுக்கு பாரிஸ். புறப்படும்வரைக்கும்தான் என்பது ஏற்பாடு.

படத்தின் உயிர் அவர்கள் குடியிருக்கும் வீட்டின் வீட்டுக்காரர்களிடம் இருக்கிறது. மறதிநோய் கண்ட மனைவி பவானியைக் கணபதி பார்த்துக்கொள்வதைக் கண்டுதான் இளசுகள் இருவரும் கரைகிறார்கள். கணபதி பிரகாஷ்ராஜ். பவானியாக வருபவர், கலாக்ஷேத்ராவின் முன்னாள் இயக்குநரும் பரதக் கலைஞருமான லீலா சாம்சன். 2015 ஜனவரியில் இந்தியத் திரைப்படத் தணிக்கைச் சபைத் தலைவர் பதவியைத் துறந்தவர், மூன்றே மாதத்தில் இந்தப் படத்தில் திரைக்கு வந்தார். அந்தத் துணிவு எனக்கு மிகவும் பிடிக்கும்.

ஆதி தாராவை முதலில் காண்பது ரயில் நிலையத்தில். பேசத் தொடங்குவது தேவாலயக் கலியாணமொன்றில். கடலோரத்து வெள்ளவத்தை ஸ்டேஷனும் கொட்டாஞ்சேனை புனித லூசியாள் பேராலயமும் இருக்கும்போது, இப்படியொரு படத்தைக் கொழும்பிலேயே எடுக்கலாம். எடுக்கவேண்டும்! அனெக்ஸ் கேட்டுப் போகிற சோடியிடம் வீட்டுக்கார அன்ரி முதலில் கேட்கும் "கலியாணம் முடிச்சிட்டீங்களா பிள்ளையள்?" ஒன்றே அரைப் படத்துக்குப் போதும்.

இலங்கைச் சட்டமோ அன்ரியைவிட இளகியது. பதிவு இல்லாவிட்டாலும், இருவர் கணவன் மனைவியாகவே சேர்ந்து வாழ்ந்து, ஊரும் அப்படியே ஏற்றிருந்தால், அது செல்லுபடியான திருமணம் என்று நீதிமன்றம் ஊகிக்க இடமுண்டு. எதிர்ச்சான்று வந்தால் அந்த ஊகம் உடையும். ஒரே கூரையின் கீழ் இருந்தது மட்டும் போதாது.

2005ஆம் ஆண்டின் 34ஆம் இலக்க வீட்டு வன்முறைத் தடுப்புச் சட்டம் இன்னும் தெளிவானது. கணவன் மனைவிக்கு மட்டுமன்றி, சேர்ந்து வாழும் துணைக்கும் அதன் பாதுகாப்பு உண்டு. துன்புறுத்தப்படுபவர் நீதவான் நீதிமன்றத்தில் பாதுகாப்புக் கட்டளை கோரலாம்.